கறுப்பு வெள்ளையில் அப்பாவின் தோணி

செப்டம்பர் 7, சனி

மாடி அறைக்கு ஆள் வந்துவிட்டார். பெயர் வசுமதி. சென்னையிலிருந்து ஆவணப்படம் எடுக்க வந்திருக்கிறார். இரண்டு பெட்டி, ஒரு முக்காலி, ஒரு மடிக்கணினி. உதவிக்கு யாரும் இல்லை. கேமரா, ஒலி எல்லாம் அவரேதான். தலைமுடியை ஆண்பிள்ளை போல ஒட்ட வெட்டியிருக்கிறார். அம்மா அதைப் பற்றி எதுவும் சொல்லாதது எனக்கு ஆச்சரியம்.

தேநீர் கொண்டுபோய்க் கொடுக்கும் சாக்கில் படம் எதைப் பற்றியது என்று கேட்டேன். நிறத்தைப் பற்றியாம். ஒரே பொருளைப் பார்க்கிற எல்லாருக்கும் ஒரே நிறம்தான் தெரிகிறதா என்பதுதான் கேள்வியாம். ஆனால் படம் முழுக்கக் கறுப்பு வெள்ளை.

“நிறத்தப் பத்தின படத்துல நிறமே இருக்காதா அக்கா?”

“இருக்கும். கண்ணுக்கு இல்ல, காதுக்கு. ஒருத்தர் கடலப் பாத்து பச்சைன்னு சொல்வார். திரையில சாம்பல்தான் தெரியும். பாக்கறவங்க அவர் சொல்றத நம்பித்தான் ஆகணும். இல்லன்னா சந்தேகப்படணும்.”

சாப்பிடும்போது இதை வீட்டில் சொன்னேன். அம்மா, “கலர்ல எடுக்க வசதிப்படலையோ என்னமோ, பாவம்” என்றார். அப்பா சிரித்தபடி இன்னும் கொஞ்சம் ரசம் கேட்டார்.

வசுமதி அக்காவிடம் ஒரு வேலையும் வாங்கிவிட்டேன். அன்றன்று எடுத்த காட்சிகளைப் பார்த்து, எதில் யார் இருக்கிறார், என்ன சொல்கிறார் என்று குறித்துக் கொடுக்க வேண்டும். என் கையெழுத்தைப் பார்த்து ஒப்புக்கொண்டார்.

செப்டம்பர் 8, ஞாயிறு

மாதா பிறந்தநாள். பூசை, பாயசம், பிறகு வேதியியல். அக்கா கோயில் வாசலில் பூ விற்பவர்களைப் படம் எடுத்தார்.

செப்டம்பர் 10, செவ்வாய்

அக்கா படம் எடுக்கும் விதம் விசித்திரமானது. பொருளைக் காட்டுவதே இல்லை. பொருளைப் பார்க்கிற முகத்தைத்தான் எடுக்கிறார். இன்று உப்பளத்தில் வேலை செய்யும் ஒரு பெண்மணி, உப்பு வெள்ளையே இல்லை, விடியற்காலையில் ஊதா, உச்சி வெயிலில் நிறமே கிடையாது என்றார். அவருடைய முகம் மட்டும் திரையில் இருந்தது. நான் அதை நம்பினேன்.

எனக்கும் ஒரு யோசனை தோன்றியது. அக்காவிடம் சொன்னதும் அவர் பேனாவைக் கீழே வைத்துவிட்டுக் கேட்டார்.

அப்பா சரக்குத் தோணியின் தண்டல். அதாவது தோணியை நடத்திப் போகிறவர், சுக்கான் பிடிக்கிறவர். இங்கிருந்து வெங்காயமும் காய்கறியும் கல்லும் ஏற்றி மாலத்தீவுக்குப் போவார்கள். இருட்டிய பிறகு எதிரே வரும் கப்பலின் விளக்கை வைத்துத்தான் அது எந்தப் பக்கம் போகிறது என்று தெரிந்துகொள்ள வேண்டும். கப்பலின் இடப்பக்கம் சிவப்பு விளக்கு, வலப்பக்கம் பச்சை. இரண்டும் சேர்ந்து தெரிந்தால் அது நேராக நம்மை நோக்கி வருகிறது. இது எல்லாத் தோணிக்கும் பொது. அப்பாவின் தோணியில் மட்டும் ஒரு கூடுதல் வழக்கம் உண்டு. விளக்கு தெரிந்ததும் முன்முனையில் நிற்கும் சந்தியாகு சித்தப்பா நிறத்தைச் சத்தமாகச் சொல்வார். அப்பா அதையே திருப்பிச் சொல்வார். “சிவப்பு.” “சிவப்பு.” “பச்சை.” “பச்சை.” சித்தப்பா என்று கூப்பிட்டாலும் அவர் உறவு இல்லை, அப்பாவோடு சிறு வயதிலிருந்து கடலுக்குப் போகிறவர். மற்றத் தோணிக்காரர்கள், “கஸ்பார் தோணியில ஜெபமால சொல்லிக்கிட்டே போறானுவ” என்று கேலி செய்வார்கள். அப்பாவின் தோணி ஒருமுறைகூட எதிலும் இடித்ததில்லை.

“செலஸ்டி, இதுதான் என் படம்,” என்றார் அக்கா. எனக்கு ஏற்பட்ட பெருமையை இங்கே எழுதினால் அளவு மீறிவிடும்.

அப்பாவிடம் கேட்டதற்கு, “அதுல பாக்க என்ன இருக்கு?” என்று மறுத்தார். நான் விடவில்லை. அம்மாவும் என்னோடு சேர்ந்துகொண்டார். கடைசியில் சரி என்றார்.

செப்டம்பர் 12, வியாழன்

காலாண்டுத் தேர்வில் இன்று தமிழ். நன்றாக எழுதினேன்.

செப்டம்பர் 14, சனி

இன்று என் முகம். மொட்டை மாடியில் வேட்டியைத் திரையாகக் கட்டி, அதற்கு முன்னால் என்னை உட்கார வைத்தார். இரண்டு துணித் துண்டுகளைக் கையில் கொடுத்தார்.

“இது என்ன நிறம்? அது?”

“ரெண்டும் ஒண்ணுதான் அக்கா. காஞ்ச பனை ஓலை நிறம்.”

“நல்லாப் பாரு.”

தேர்விலும் இப்படி மாணவரைக் குழப்பும் கேள்விகள் வரும். அவசரப்படாமல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். ஒன்று கொஞ்சம் மங்கல் என்று மட்டும் சொன்னேன். துணி காயப்போட வந்த அம்மா ஏதோ சொல்ல வாயெடுத்தார். அக்கா உதட்டில் விரலை வைத்துத் தடுத்துவிட்டார்.

கீழே வந்ததும் அம்மா, “படிச்சுப் படிச்சுக் கண்ணு அவிஞ்சு போச்சு பிள்ளைக்கு. ஸ்கூலுக்கு ரிப்பன்கூட நான்தான எடுத்து வைக்க வேண்டியிருக்கு” என்றார். எனக்கு ரிப்பன் விஷயத்தில் அக்கறை இல்லை என்பதுதான் உண்மையான காரணம்.

செப்டம்பர் 15, ஞாயிறு

ஓட்டம் கிளம்புவதற்கு முன் இயந்திரத்தைச் சோதிக்க அந்தி நேரத்தில் துறைமுக வாய் வரை போய் வருவார்கள். அக்காவும் உடன் போனார். நாளை கணிதம் என்பதால் என்னை அனுப்பவில்லை. அவர்கள் திரும்பி வந்ததும் படிப்பை ஓரமாக வைத்துவிட்டு அக்காவோடு காட்சிகளைப் பார்த்தேன்.

கறுப்பு வெள்ளையில் கடல் மிக அழகாக இருக்கிறது. சொல்லப்போனால் எனக்குக் குறையாக எதுவும் தெரியவில்லை.

அப்பாவின் முகம் பெரிதாக, திரை முழுக்க. ஒரு விளக்கு வருகிறது. அது அவர் கண்ணில் சின்னப் புள்ளியாகத் தெரிகிறது. அவர் அதைப் பார்க்கிறார். வாயைத் திறக்கவில்லை. “சிவப்பு” என்று சித்தப்பாவின் குரல் வருகிறது. பிறகு அப்பா, “சிவப்பு.” இப்படியே எல்லாமும்.

ஓரிடத்தில் அக்கா நேராகக் கேட்கிறார்: “அண்ணே, அந்த விளக்கு உங்களுக்கு என்ன நிறமாத் தெரியுது?”

அப்பா முன்பக்கம் திரும்பி, “எலேய் சந்தியாகு, தங்கச்சி கேக்காவ பாரு, சொல்லு” என்கிறார்.

அக்கா அந்த இடத்தில் விழுந்து விழுந்து சிரித்தார். “உங்க அப்பாவுக்கு நல்ல குறும்பு.” நான் குறிப்பில் “தண்டல் பதில் சொல்லவில்லை” என்று எழுதினேன்.

செப்டம்பர் 16, திங்கள்

கணிதம் சுமார். அப்பா கிளம்பிவிட்டார். தோணியில் ஏழு பேர்.

செப்டம்பர் 18, புதன்

அக்கா என்னைக் கூப்பிட்டுக் கதவைச் சாத்தினார். அந்த இரண்டு துணிகளில் ஒன்று சிவப்பு, மற்றது பச்சையாம். இதில் பயப்பட ஒன்றும் இல்லை என்றும், பலருக்கு இப்படி இருக்கும் என்றும், பெண்களுக்கு மட்டும் அபூர்வம் என்றும் சொன்னார். “சொல்லாம மறைச்சு வச்சுப் படத்துல போட எனக்கு மனசு வரல” என்றார். நான் நன்றி சொன்னேன். அழவில்லை. அபூர்வம் என்ற சொல் எனக்குப் பிடித்திருந்தது.

பள்ளி முடிந்ததும் நூலகம். உயிரியல் பிரிவில் மரபியல் நூல் ஒன்று கிடைத்தது. அதில் இதற்குத் தனி அத்தியாயமே இருக்கிறது. ஆண்பிள்ளைக்கு வந்தால் அது தாய் வழியாக மட்டும் வந்தது. பெண்பிள்ளைக்கு வர வேண்டுமானால் தாய், தந்தை இரு பக்கமும் வேண்டும். தாய்க்கு வெளியே தெரியாமல் இருக்கலாம். தந்தைக்குக் கட்டாயம் இருக்கும்.

அந்தப் பக்கத்தை மறுபடி படித்தேன். அச்சுப் பிழையாகவும் இருக்கலாம். வேறொரு நூலில் சரிபார்க்க வேண்டும்.

அம்மா சீலா மீன் வாங்கியிருந்தார். முள்ளே இல்லை.

செப்டம்பர் 19, வியாழன்

அறிவியல் தேர்வு. மரபியல் கேள்விக்கு விடை எழுதவில்லை. வேறு கேள்வியைத் தேர்ந்தெடுத்தேன்.

செப்டம்பர் 21, சனி

மூன்று நூல்களிலும் அப்படியேதான் இருக்கிறது. ஒன்றில், நிறம் பிரித்தறிய முடியாதவர்களுக்குத் தடை உள்ள வேலைகளும் கொடுத்திருந்தார்கள். ரயில் ஓட்டுவது, விமானம் ஓட்டுவது, கப்பலில் சுக்கான் பிடிப்பது.

இன்று மாடிக்குப் போய், அப்பாவின் காட்சிகளைப் படத்திலிருந்து எடுத்துவிடுங்கள் என்று அக்காவிடம் கேட்டேன்.

“ஏன்?”

“காரணம் சொல்ல மாட்டேன்.”

அக்கா என்னையே பார்த்தார். பிறகு மடிக்கணினியைத் திறந்து, “அந்த விளக்கு உங்களுக்கு என்ன நிறமாத் தெரியுது” என்ற இடத்தை ஓட்டினார். மறுபடி ஓட்டினார். இந்த முறை சிரிக்கவில்லை. திரையை மூடினார்.

“நான்தான் பக்கத்துல நின்னேன். எனக்குத் தெரியல பாரு,” என்றார். பிறகு, “செலஸ்டி, இது உன் முகம் இல்ல. அவர் முகம். எடுக்கச் சொல்லி அவர் சொன்னா அந்த நிமிஷமே எடுத்துடறேன். நீ சொல்லி எடுக்க முடியாது” என்றார்.

“நீங்க கேப்பீங்களா அவர்கிட்ட?”

“கேக்க வேண்டியது நானில்ல.”

படம் சென்னையில் திரையிடப்படும். தோணி முதலாளியின் மகன் சென்னையில்தான் இருக்கிறார். யாரோ ஒருவர் பார்ப்பார், சொல்வார், அப்பாவின் கையிலிருந்து சுக்கான் போய்விடும். கேமராவை அங்கே கூட்டிப் போனது நான்தான்.

அந்தக் காட்சிகளை எடுத்துவிட்டால் மட்டும் எல்லாம் சரியாகிவிடுமா என்றும் யோசித்தேன். சந்தியாகு சித்தப்பா வாயைத் திறக்காத ஒரு நாள் வந்தால்? ஏழு பேரில் இரண்டு பேருக்குக் கைக்குழந்தைகள் இருக்கின்றன. இதை எழுத எனக்கு விருப்பமில்லை. எழுதிவிட்டேன்.

செப்டம்பர் 23, திங்கள்

தேர்வு முடிந்தது. எல்லாரும் கடற்கரைக்குப் போனார்கள். தலைவலி என்று சொல்லிவிட்டேன்.

செப்டம்பர் 26, வியாழன்

அம்மாவின் சேலைகளை மடித்து வைத்தேன். ஒவ்வொன்றையும் எடுத்து என்ன நிறம் என்று கேட்டேன். பொறுமையாகச் சொல்லிக்கொண்டே வந்தவர், பிறகு, “இதென்ன பைத்தியக்காரத்தனம்” என்று சேலையைப் பிடுங்கிக்கொண்டார். எனக்குப் பழுப்பாகத் தெரிந்தவற்றுள் சிவப்பு, பச்சை, ஆரஞ்சு எல்லாம் இருந்திருக்கின்றன.

செப்டம்பர் 28, சனி

அப்பாவின் தோணி நேற்றே வந்திருக்க வேண்டும். மாலையிலிருந்து தெற்கே புயல் மாதிரி ஏதோ என்கிறார்கள். அம்மா அரிசியில் கல் பொறுக்கியதையே திரும்பப் பொறுக்கினார்.

அக்டோபர் 1, செவ்வாய்

தோணி வந்துவிட்டது. எல்லாரும் நலம்.

அப்பா குளித்துவிட்டுச் சாப்பிட உட்கார்ந்தார். அம்மா அடுப்படியில் இருந்தார். சாதம் போட்டுவிட்டு, மனப்பாடம் செய்து வைத்திருந்ததை ஒப்பித்தேன்.

“அப்பா, எனக்குச் சிவப்பும் பச்சையும் பிரிச்சுத் தெரியாதாம்.”

அவர் கை சாதத்திலேயே நின்றது. “யாரு சொன்னா?”

“வசுமதி அக்கா. லைப்ரரியிலயும் படிச்சேன்.”

“வேற என்ன போட்டிருக்கு அதுல?”

நான் தட்டைப் பார்த்துக்கொண்டே சொன்னேன். “பொம்பளப் பிள்ளைக்கு இருந்தா, அப்பாவுக்கும் இருக்கும்னு போட்டிருக்கு.”

அப்பா சாதத்தைப் பிசைந்தார், ஆனால் சாப்பிடவில்லை. கோபப்படுவார் என்று நினைத்தேன். தெரிந்துபோய்விட்டதே என்று வருத்தப்படுவார் என்றும் நினைத்தேன். அவர் கேட்டது வேறு.

“அப்போ இது நான் ஒனக்குக் கொடுத்ததா?”

“ஒங்ககிட்டருந்து பாதி. அம்மாகிட்டருந்து பாதி.”

அம்மா கரண்டியோடு வெளியே வந்தார். எவ்வளவு நேரமாகக் கேட்டுக்கொண்டிருந்தாரோ. “என் வீட்டு வழியில யாருக்கும் ஒரு கொறையும் கெடையாது.”

“ஒந்தம்பி அவன் கல்யாணத்துக்குத் தச்சிட்டு வந்த சட்டை நிறத்த மறந்துட்டியாக்கும்,” என்றார் அப்பா.

அம்மா கரண்டியைக் கீழே வைத்தார். பிறகு அப்பாவின் எதிரே உட்கார்ந்துவிட்டார். “ஏங்கிட்டகூடச் சொல்லலியே நீங்க.”

“என்னத்தச் சொல்ல? எல்லாருக்கும் இப்படித்தான் தெரியும், பேரு மட்டும் நாமதான் சரியாப் படிக்கலன்னு ரொம்ப நாள் நெனச்சிருந்தேன். தண்டல் ஆகும்போது கண்ணு சோதிக்க எழுத்த வாசிக்கச் சொன்னாவ. வாசிச்சேன். நிறம் எவனும் கேக்கல. அதுக்கப்புறந்தான் நிறத்தக் கூப்பிடுத பழக்கத்தக் கொண்டாந்தேன்.”

தாமதத்துக்குக் காரணத்தையும் அப்போதுதான் சொன்னார். திரும்பும் வழியில் சந்தியாகு சித்தப்பாவுக்கு நல்ல காய்ச்சல். எழுந்திருக்க முடியாமல் உள்ளே கிடந்தார். முன்முனையில் வேறொருவர் நின்றார். ஒரு கப்பல் வந்தபோது அவர் கூப்பிடவில்லை. இவ்வளவு பெரிய விளக்கு, இது தண்டலுக்குத் தெரியாதா என்று இருந்துவிட்டார்.

“நான் காத்துக்கிட்டு நிக்கேன். அவன் பேசாம நிக்கான். வெளக்கு வந்துக்கிட்டே இருக்கு. கடைசில எஞ்சின நிறுத்திட்டேன். கப்பல் போனப்புறமும் ஓட்ட மனசு வரல. விடியுத வரைக்கும் சும்மா கெடந்தோம். மறுநாளும், அதுக்கு மறுநாளும் அப்படித்தான். பகல்ல மட்டுந்தான் ஓட்டினேன்.”

அம்மா சிலுவை போட்டுக்கொண்டார்.

படத்தைப் பற்றியும் சொன்னேன். நான்தான் அக்காவுக்கு யோசனை கொடுத்தேன் என்பதையும் சொன்னேன். எடுத்துவிடச் சொன்னால் அக்கா எடுத்துவிடுவார் என்றேன். அப்பா, “இப்ப எடுக்க வேண்டாம். போடவும் வேண்டாம். ரெண்டு நாள் பொறுக்கச் சொல்லு” என்றார்.

அக்டோபர் 3, வியாழன்

அப்பா வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு முதலாளியைப் பார்க்கப் போனார். மதியம் திரும்பி வந்தார்.

“சொன்னதும் சிரிச்சாரு. கேலி பேசுதேன்னு நெனச்சுக்கிட்டாரு போல. அப்புறம் சிரிக்கல,” என்றார். அடுத்த ஓட்டத்திலிருந்து சந்தியாகு சித்தப்பா தண்டல். அப்பா கரையில் நின்று சரக்கு ஏற்றுவதைப் பார்த்துக்கொள்ள வேண்டும். தோணியில் எடை எங்கே இருக்க வேண்டும் என்பது அப்பாவைப் போல யாருக்கும் தெரியாது என்று முதலாளியே சொன்னாராம். ஆறுதலுக்காகச் சொன்னது என்று எனக்குத் தோன்றியது. அப்பாவுக்கும் அப்படித்தான் தோன்றியிருக்கும்.

மாலையில் சித்தப்பா போர்வையைச் சுற்றிக்கொண்டு வந்தார். காய்ச்சல் இன்னும் முழுதாக விடவில்லை.

“நான் பிடிக்க மாட்டேன். நான் கூப்பிடுதேன், நீங்க பிடிங்க. இத்தன நாளும் அப்படித்தான போச்சு.”

அப்பா அவரை உற்றுப் பார்த்தார். “ஒனக்கு எப்பலேருந்துலே தெரியும்?”

“எப்பவோ.”

“ஒரு வார்த்த கேக்கலியே.”

“கேட்டா, நாளைலேருந்து கூப்பிடாதலேன்னுருவீயளோன்னு பயம். பெறவு நாங்கல்லாம் எங்கன போய் முட்ட?”

இரண்டு பேரும் சிரித்தார்கள். சிரித்து முடித்ததும் அப்பா, “ஒனக்குக் காய்ச்சல் வராதுன்னு எழுதித் தருவியா?” என்று கேட்டார். சித்தப்பா போர்வையை இழுத்துச் சுற்றிக்கொண்டார். அம்மா சுக்குக் காப்பி கொடுத்தார். சித்தப்பா அதைக் குடித்துவிட்டு, போகும்போது அப்பாவின் கையைப் பிடித்துக் கொஞ்ச நேரம் நின்றார்.

அதன் பிறகு அப்பா மாடிக்குப் போனார். நானும் பின்னாலேயே போனேன்.

“இனிமே நீங்க போட்டுக்கிடலாம்,” என்றார் அக்காவிடம். அக்கா எழுந்து நின்றுவிட்டார். இதைப் பற்றிக் கேமரா முன்னால் நாலு வார்த்தை பேச முடியுமா என்று தயங்கித் தயங்கிக் கேட்டார்.

“பேச என்ன இருக்கு? நான் பேசாம நின்னதத்தான் நீங்க ஏற்கனவே எடுத்து வச்சிருக்கீயளே.”

அக்கா முக்காலியை மடக்கி வைத்தார்.

இன்று சீக்கிரமே படுத்துவிட்டார் அப்பா. அவருடைய சட்டையை அம்மா இரண்டு முறை துவைத்தார். அதில் அழுக்கே இல்லை.

அக்டோபர் 5, சனி

கண் ஆஸ்பத்திரிக்குப் போனோம். அப்பாதான் சொன்னார். “ஒனக்கு என்னன்னு எழுதி வாங்கிருவோம். பின்னால ஒரு வேலைக்குப் போய் நின்னுக்கிட்டு, அவன் சொல்லித் தெரிஞ்சுக்கிடக் கூடாது.”

டாக்டர் இளவயதுக்காரர். வண்ணப் புள்ளிகளால் நிறைந்த ஒரு புத்தகத்தைத் திறந்து வைத்து, ஒவ்வொரு பக்கத்திலும் என்ன எண் தெரிகிறது என்று கேட்டார். அப்பா பக்கத்தில் இருந்து பதிலை எடுத்துக்கொடுத்துவிடுவாரோ என்று நினைத்து அவரை வெளியே இருக்கச் சொன்னார். அப்பா சிரித்துக்கொண்டே போனார். நான் எல்லாப் பக்கத்துக்கும் பதில் சொன்னேன், அல்லது ஒன்றும் இல்லை என்று சொன்னேன். முடிந்ததும் டாக்டரிடம், எங்கள் அப்பாவையும் பார்க்க முடியுமா என்று நானே கேட்டேன். என்னை வெளியே உட்கார வைத்துவிட்டு அப்பாவைக் கூப்பிட்டார்கள். கதவு வழியாகக் குரல் கேட்டது, சொற்கள் கேட்கவில்லை. எழுத்தை வாசிக்கச் சொன்னால் படபடவென்று வாசித்திருப்பார். இதற்கு நேரம் எடுத்துக்கொண்டார்.

பிறகு டாக்டர் இருவரையும் சேர்த்து உட்கார வைத்துப் பேசினார். இதற்கு மருந்து இல்லை, இது நோயும் இல்லை, கூடவும் செய்யாது, குறையவும் செய்யாது. இரண்டு தாள்களில் எழுதிக் கொடுத்தார். நான் என் தாளையும் அப்பாவின் தாளையும் படித்துப் பார்த்தேன். பெயரையும் வயதையும் தவிர எல்லாம் ஒன்றே.

பேருந்து நிறுத்தத்தில் வெயில். அப்பா இரண்டு ரோஸ்மில்க் வாங்கினார். பாதி குடித்துவிட்டுக் கேட்டார்.

“அந்த ரெண்டாவது பக்கத்துல ஒனக்கு என்ன தெரிஞ்சுது பிள்ள?”

“மூணு.”

அவர் கண்ணாடித் தம்ளரைக் கீழே வைத்துவிட்டு என் பக்கம் முழுதாகத் திரும்பி உட்கார்ந்தார்.

“அந்த டாக்டரு எட்டுங்காரு.”

“என்கிட்டயும் எட்டுன்னுதான் சொன்னாரு. நானும் திருப்பித் திருப்பிப் பாத்தேன். எட்டே இல்லப்பா அதுல.”

“இல்லல்லா?” என்றார் அப்பா. “எனக்கும் மூணுதான்.”